தொண்ணூற்றாறு பிரேம்

கொருக்குப்பேட்டை, பேட்டரிக் கடைக்கு மேல்மாடி.
சரக்கு ரயில் போகும்போதெல்லாம் மேசை நடுங்கும்,
மேசையோடு ஹார்ட்டிஸ்க்கும்.
அதற்குள் ஓர் அறுபத்தெட்டாம் வருடம் இருக்கிறது:
எண்ணூரில் அனல்மின் நிலையம் எழும்பப்போகும் பெருமையைச் சொல்ல
சர்க்கார் எடுத்த படம்.
பதினெட்டு நிமிடம், கறுப்பு வெள்ளை,
ஓரமெல்லாம் பூஞ்சை.

பதினோராவது நிமிடத்தில்
கணீரென்று ஒரு குரல் சொல்கிறது:
எதற்கும் உதவாத சதுப்பு நிலம் இது.
சொல்லிக்கொண்டிருக்கும்போதே கேமரா
இடமிருந்து வலமாக ஒரு புகைபோக்கியைத் தேடிப் போகிறது.
போகிற வழியில், வேண்டாமலே,
இடுப்பளவு தண்ணீரில் நிற்கிற ஒருவர்மேல்
இடித்துக்கொள்கிறது.
குனிந்த முதுகு. பல்லில் கடித்த பறி.
இரண்டு கையும் சேற்றுக்குள் இறாலைத் தடவுகின்றன.
நிமிர்ந்து நம்மைப் பார்க்கிறார்.
கேமரா நிற்கவில்லை.

நான்கு நொடி.

முதலில் புகைபோக்கியை வெட்டினேன்.
ஓரத்தை இழுத்து நடுவில் போட்டேன்.
பெரிதாக்கினால் முகம் கிட்டே வரும் என்று பார்த்தேன்,
வந்தது மணல்.
இன்னும் பெரிதாக்கினேன்,
இன்னும் மணல்.

பிறகு குரலை எடுத்தேன்.
எடுத்த பிறகுதான் தெரிந்தது
அந்த ஆற்றுக்கு வேறு சத்தமே யாரும் பதியவில்லை என்று.
மைக்கை எடுத்துக்கொண்டு வற்று நேரத்தில் கொசத்தலைக்குப் போனேன்.
கிடைத்தது சாம்பல் குழாயின் இரைச்சல்,
தூரத்தில் கன்டெய்னர் லாரி ஒன்றின் ரிவர்ஸ் மணி.
அதைப் பழைய தண்ணீருக்குள் ஊற்றினேன்.
ஒட்டவில்லை.
ஒட்டாதது ஒட்டாதபடியே இருக்கட்டும் என்று விட்டேன்.

டெல்லியிலிருந்து கடிதம் வந்தது:
நொடிக்கு மூவாயிரத்து ஐநூறு, வரி தனி,
குறைந்தது பத்து நொடி வாங்க வேண்டும்.

முகத்துவாரத்து ஏலக்கூடத்தில்
யாருடைய பிறந்தநாளுக்கோ அடித்த பேனரைத் திருப்பிக் கட்டி
வெள்ளைப் பக்கத்தில் போட்டுக் காட்டினேன்.
ஆளின் நெஞ்சுக்குக் குறுக்கே
ஆவணக்காப்பகத்தின் முத்திரை.
"நம்மாளப் பாக்க நாமளே துட்டு குடுக்கணுமா?"
என்று கேட்டுச் சிரித்த தேசராணி
சிரிப்பை நிறுத்திவிட்டு எழுந்தாள்.
"த்தோ, அது எங்க பெரியப்பா. எல்லப்பன்.
வலது தோளு எறங்கிகிது பாரு."
பின்னாலிருந்து ஜீவரத்தினம்:
"ஆம்பளயா அது? கண்ணத் தொறந்து பாரு.
எங்க அத்த பவுனு. அந்தக் கொண்ட முடிச்சு அதுங்குதுதான்."

பதினேழு முறை ஓட்டினோம்.
தோளைப் பார்த்தார்கள். முடிச்சைப் பார்த்தார்கள்.
பறியைக் கடிக்கும் பல்லை வைத்துப் பேச்சு முற்றி
ஒருவர் சட்டையை இன்னொருவர் பிடித்தார்.
இரண்டு பேர் வீட்டிலும் ஒரு போட்டோகூட இல்லை,
ஒப்பிட்டுப் பார்க்க.
உன் மெஷின் என்ன சொல்லுது என்று என்னைக் கேட்டார்கள்.
மெஷின் மணல் என்றுதான் சொல்கிறது,
அதை நான் சொல்லவில்லை.

படத்தில் அந்த நான்கு நொடி இரண்டு முறை வருகிறது.
ஒரு முறை கீழே: எல்லப்பன்.
மறுமுறை: பவுனு.
நடுவே வெறும் கறுப்பு.
அதற்குக் காசு கேட்டு யாரும் கடிதம் போட முடியாது.
இது ஆவணமா, பொய்யா என்று
தேர்வுக்குழுவில் ஒருவர் கேட்டார்.
டீ ஆறிக்கொண்டிருந்தது, குடித்தேன்.

பத்து நொடிக்குப் பணம் கட்டியாயிற்று.
எட்டு போக மீதி இரண்டு.

குரலை எடுத்தேன் என்றேனே, முழுதாக இல்லை.
அந்த வாக்கியத்தைத் தொடங்குமுன்
அவர் இழுத்த மூச்சு ஒன்று இருந்தது.
அதைக் கடைசியில் வைத்திருக்கிறேன்.
ஆள் வருவதற்கு முந்தைய தண்ணீர்,
மேலே ஒரு மூச்சு.
பேச வாயெடுக்கிறார்.
அங்கே வெட்டு.